மறுமொழி கூறும் மனம்: மராட்டியத்தில் தன்னொடு பேசுதலின் வரலாறு

1933ஆம் ஆண்டு ஏப்ரல் இறுதியில், புனேயை அடுத்த எரவாடாச் சிறையில், காந்தியடிகளின் உள்ளத்தில் சில நாள்களாக நடந்துவந்த போராட்டம் முடிவுக்கு வந்தது. உண்ணாநோன்பு மேற்கொள்ளுமாறு ஒரு குரல் தம்மை வற்புறுத்தியதாகவும், தாம் அதை எதிர்த்துப் பார்த்தும் இயலவில்லை என்றும் ஏப்ரல் 30 அன்று அவர் அறிவித்தார். 21 நாள் நோன்பு மே 8 நண்பகலில் தொடங்கியது. அன்று மாலையே அரசு அவரைச் சிறையிலிருந்து விடுவித்தது. மே 29 அன்று நோன்பு நிறைவுற்றது. அதற்குள் ஆதரவாளரும் எதிர்ப்பாளரும் ஒருசேர எழுப்பிய கேள்வி ஒன்று நிலைத்துவிட்டது: அந்தக் குரல் யாருடையது?

எரவாடாவிலிருந்து ஒரு நாள் நடைத்தொலைவில், இந்திராயணி ஆற்றங்கரையில், தேகு என்னும் ஊர் இருக்கிறது. அங்கே 17ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த துக்காராம், தம் மனத்தோடு தாம் நடத்தும் வாதத்தைப் பற்றிப் பாடியவர். அவர் காலத்திலேயே வாழ்ந்த சமர்த்த ராமதாசர், மனத்தை மாணவனாக முன்னிறுத்தி 205 செய்யுள்கள் இயற்றினார். மூன்று நூற்றாண்டு கழித்து, கான்தேசத்தில் எழுதப் படிக்கத் தெரியாத உழவர் குடிப்பெண் ஒருவர், சொற்பேச்சுக் கேளாத மனத்தைப் பற்றித் தம் வட்டார மொழியில் பாடினார். ஒரே மொழிநிலப்பரப்பில் தன்னொடு பேசுதல் இத்தனை வடிவங்களைப் பெற்றிருப்பது தற்செயலாகத் தோன்றவில்லை. இவ்வடிவங்களை ஒப்புநோக்கினால், காந்தியடிகளிடம் கேட்கப்பட்ட கேள்வியைச் சற்று மாற்றிக் கேட்க இயலும். குரல் யாருடையது என்பதை வரலாற்றாசிரியர் தீர்மானிக்க முடியாது. அந்தக் குரலுக்கு மறுமொழி கூற இடம் இருந்ததா என்பதை ஆராய முடியும்.

அகப்பேச்சுக்கு வரலாறு உண்டா?

சாசனம், கடிதம், வழக்குத் தீர்ப்பு, கணக்கேடு என வரலாற்றாசிரியர் நம்பும் சான்றுகள் எல்லாம் ஒருவர் மற்றொருவருக்காகப் பதிவு செய்தவை. ஒருவர் தமக்குள் பேசிக்கொண்டது எந்த ஆவணக் காப்பகத்திலும் சேர்வதில்லை. ஆகவே அகப்பேச்சை உளவியலாருக்குரியது என்று ஒதுக்கிவிடுவதே வழக்கமாக இருந்துவந்துள்ளது. ஆயினும் அந்த உளவியலாருள் ஒருவரே இதற்கு வரலாறு இருந்தாக வேண்டும் என்பதற்கான அடிப்படையையும் வகுத்துத் தந்தார்.

சுவிட்சர்லாந்தின் பியாஜே 1923இல் வெளியிட்ட நூலில், சிறு குழந்தைகள் விளையாட்டின் நடுவே எவரையும் நோக்காமல் உரக்கப் பேசிக்கொள்வதை விரிவாகப் பதிவு செய்தார். அதைத் தன்மையப் பேச்சு என்றும், பிறரோடு உரையாடும் திறன் வளர வளர அது மறையும் என்றும் கருதினார். மாஸ்கோவில் லெவ் வைகாட்ஸ்கி இக்கருத்தை மறுத்தார். அப்பேச்சு மறைவதில்லை, ஒலியை இழந்து உள்ளே செல்கிறது என்பது அவர் வாதம். படம் வரையும் குழந்தைக்கு வேண்டிய வண்ணப் பென்சிலை எடுத்து வைத்துவிட்டால், அக்குழந்தை தனக்குத்தானே பேசுவது மிகுந்தது. தான் பேசுவதைப் புரிந்துகொள்ளாத பிள்ளைகளிடையே, அதாவது காது கேளாதவர்களோடு அல்லது வேற்றுமொழி பேசுபவர்களோடு, இருத்தப்பட்டபோது அது வெகுவாகக் குறைந்தது. தனக்கென்று பேசும் பேச்சும் கேட்பவர் ஒருவர் உண்டு என்னும் நம்பிக்கையின் மேல்தான் நிற்கிறது என்பதை இச்சோதனைகள் காட்டின. முதலில் பிறர் நம்மிடம் பேசுகின்றனர். பின்னர் நாம் பிறரிடம் பேசுகிறோம். அதன் பின்னரே நம்மிடம் நாம் பேசுகிறோம். காசநோயால் 37ஆம் வயதில் வைகாட்ஸ்கி இறந்த 1934ஆம் ஆண்டிலேயே, அவர் இறப்புக்குப் பின், இந்நூல் வெளிவந்தது.

அகப்பேச்சு புறப்பேச்சிலிருந்து பிறப்பதாயின், புறப்பேச்சில் நிலவும் உறவுகளும் அதனுள் புகும். யார் யாரை அதட்டலாம், யார் எதிர்த்துப் பேசலாம், யார் வாய்மூடி இருக்க வேண்டும் என்பவை தெருவிலும் வீட்டிலும் எவ்வாறு அமைந்துள்ளனவோ, அவ்வாறே உள்ளத்திலும் அமைய வாய்ப்புண்டு. புறப்பேச்சின் ஒழுங்குகளுக்கு வரலாறு உண்டு. ஆகவே அகப்பேச்சுக்கும் உண்டு. அதன் சுவடுகள், மக்கள் தம்மொடு பேசுவதற்கென்று மரபு உருவாக்கித் தந்த வடிவங்களில் கிடைக்கின்றன.

மௌனத்தின் மதிப்பும் அதன் வாயிலும்

இந்தியச் சிந்தனை மரபு ஒலியற்ற பேச்சை மிகத் தொன்மைக் காலத்திலேயே கருதிப் பார்த்தது. சதபத பிராமணத்தில் ஒரு கதை வருகிறது. மனத்துக்கும் வாக்குக்கும் தம்முள் யார் உயர்ந்தவர் என்ற பூசல் எழுகிறது. தான் முன்பே அறியாத எதையும் வாக்கு பேசுவதில்லை என்கிறது மனம். மனம் அறிந்ததைப் பிறர்க்கு அறிவிப்பவள் தானே என்கிறாள் வாக்கு. பிரஜாபதி மனத்துக்குச் சாதகமாகத் தீர்ப்பளிக்கிறார். மனமுடைந்த வாக்கு, இனிப் பிரஜாபதிக்குரிய அவியைத் தான் சுமப்பதில்லை என்று கூறிவிடுகிறாள். அதனால்தான் வேள்வியில் பிரஜாபதிக்கான சடங்கு தாழ்ந்த குரலில் நடைபெறுகிறது என்று அந்நூல் காரணம் காட்டுகிறது. மனத்துக்கு அளிக்கப்பட்ட உயர்வு ஒரு தோற்றவரின் மனக்குறையோடு சேர்த்தே நினைவில் வைக்கப்பட்டது என்பது கவனத்துக்குரியது.

மனுஸ்மிருதி இதை அளவிட்டுக் கூறுகிறது. விதிப்படி செய்யும் வேள்வியைவிட வாய்விட்டு ஓதும் செபம் பத்து மடங்கும், அருகிலிருப்பவர்க்கும் கேளாமல் உதட்டளவில் ஓதுவது நூறு மடங்கும், மனத்துள் ஓதுவது ஆயிரம் மடங்கும் உயர்ந்தன என்பது அதன் கணக்கு. ஆயினும் மனத்துள் ஓதுவதற்கு முதலில் சொற்கள் வேண்டும். அச்சொற்களை ஆசிரியர் வாயிலிருந்து செவிவழியாகப் பெற வேண்டும். வேதச் சொற்களைப் பெறும் உரிமை சூத்திரருக்கும் பெண்களுக்கும் மறுக்கப்பட்டிருந்தது. ஆயிரம் மடங்கு உயர்ந்த மௌனத்தின் வாயிலில் காவல் இருந்தது; காவல் இருந்த இடம் செவி.

ஐந்தாம் நூற்றாண்டளவில் வாழ்ந்த இலக்கண மெய்யியலாளர் பர்த்ருஹரி, வாக்கியபதீயத்தில் வாக்கின் மூன்று நிலைகளைப் பேசினார். ஒலிவடிவான வைகரி, ஒலியில்லாவிடினும் சொற்கள் ஒன்றன்பின் ஒன்றாக அறிவில் வரிசைப்படும் மத்திமை, அவ்வரிசையும் ஒடுங்கிய பைசந்தி. சைவ சித்தாந்த நூல்கள் வழியாக இப்பெயர்கள் தமிழுக்கும் பழக்கமானவை. இன்று அகப்பேச்சு என்று வழங்கப்படுவதற்கு மிக நெருக்கமானது மத்திமை. சொல்லின் துணையின்றி உலகில் அறிவு நிகழ்வதில்லை என்று கருதிய பர்த்ருஹரி, பச்சிளங்குழந்தையிடமும் முற்பிறப்புச் சொற்களின் வாசனை உண்டு என்றார். வைகாட்ஸ்கியின் குழந்தைக்குச் சொல் வெளியிலிருந்து வருகிறது. பர்த்ருஹரியின் குழந்தையிடம் அது முன்பே இருக்கிறது. எனினும் அந்த வாசனையும் முன்பு எப்போதோ பேசப்பட்ட பேச்சின் எச்சமே. எவரிடமும் கேளாத தனிச்சொல் ஒன்று மனிதருக்கு உண்டு என்று இருவருமே கொள்ளவில்லை.

எதிர்த்துப் பேசும் நெஞ்சு

இவை ஒலியற்ற பேச்சைப் பற்றிய சிந்தனைகள். மனத்தையே முன்னிலையில் நிறுத்தி நீ என்று விளிப்பது வேறொரு மரபு. தமிழ் வாசகருக்கு அது நன்கு அறிமுகமானது. காமத்தால் விளையும் துன்பத்தையும் இன்பத்தையும் சொல்லும்போது, நெஞ்சுக்கு உடலுறுப்புகளும் உணர்ச்சியும் இருப்பதாகவும், அது சொன்னதை ஏற்காமல் எதிருரை ஆடுவதாகவும் புனைந்துகொள்ளத் தொல்காப்பியப் பொருளியல் இடம் தருகிறது. மூன்றாவது கூறு இங்கே முதன்மையானது. நெஞ்சைக் கேட்பவராக மட்டும் அமைப்பதோடு இலக்கணம் நிற்கவில்லை, மறுப்பவராகவும் அமைத்தது.

திருக்குறளில் நெஞ்சொடு கிளத்தல், நெஞ்சொடு புலத்தல் என்று இரண்டு அதிகாரங்கள் இதற்கென்றே உள்ளன. அவருடைய நெஞ்சு அவர் பக்கம் நிற்கும்போது, என் நெஞ்சாகிய நீ மட்டும் ஏன் என் பக்கம் நிற்கவில்லை என்று தலைவி பிணங்குகிறாள். பட்டினப்பாலை 301 அடிகளில் காவிரிப்பூம்பட்டினத்தின் வளத்தையும் கரிகாலனின் ஆற்றலையும் விரித்துரைக்கிறது. அவ்வளவும், பொருள் தேடப் புறப்படு என்று தூண்டிய நெஞ்சுக்குத் தலைவன் கூறும் மறுப்பின் பகுதி. ஒரு மாநகரமே அகப்பேச்சு ஒன்றின் வாதமாக மாறிவிடுகிறது.

இங்கே பேசுபொருள் காதலும் பிரிவும். மராட்டிய அடியார்களிடம் அது வேறாகிறது. ஆனால் மறுக்கும் உரிமை பெற்ற மனம் என்னும் கருத்தை மனத்தில் இருத்திக்கொண்டு அவர்களிடம் செல்வது பயன் தரும்.

துக்காராம்: தன்னோடு தன் வாதம்

துக்காராம் குன்பி உழவர் குலத்தில், சிறுவணிகம் செய்த குடும்பத்தில் பிறந்தவர். 1630ஐ ஒட்டித் தக்காணத்தைச் சூறையாடிய பஞ்சத்தில் மனைவியருள் ஒருவரைப் பட்டினிக்குப் பறிகொடுத்தார். வணிகம் நொடித்தது. தேகுவைச் சூழ்ந்த குன்றுகளில் தனித்திருக்கத் தொடங்கினார். மரங்களும் கொடிகளும் காட்டு விலங்குகளுமே உறவினர் என்று கூறும் அவருடைய புகழ்பெற்ற அபங்கம், அத்தனிமையில் பேச்சுத்துணையாக எஞ்சியது தம் மனமே என்றும், அங்கு நடப்பது தமக்கும் தமக்குமான வாதம் என்றும் முடிகிறது. மராட்டியத்தில் அவர் கையாளும் சொற்கள் உரையாடலையும் வாதத்தையும் குறிப்பவை. வேண்டுதலையோ உபதேசத்தையோ அவர் அவ்விடத்தில் குறிப்பிடவில்லை.

வேறொரு அபங்கத்தில், இரவும் பகலும் தமக்குப் போர்தான் என்கிறார். வெளியே உலகத்தோடும் உள்ளே மனத்தோடும். இன்னொன்றில் மனமே தெய்வ உருவை நாட்டுகிறது, மனமே அதற்குப் பூசை செய்கிறது. குருவும் அதுவே, சீடனும் அதுவே. பேசுபவர் ஓரிடத்திலும் கேட்பவர் மற்றோரிடத்திலும் நிலையாக அமர்ந்திருக்கும் ஏற்பாடு துக்காராமிடம் இல்லை. இருக்கைகள் மாறிக்கொண்டே இருக்கின்றன. அவரே சில பாடல்களில் மனத்தைக் கெஞ்சுகிறார், சிலவற்றில் ஏசுகிறார், சிலவற்றில் அதனிடம் தோற்கிறார்.

இவ்வாதத்துக்கு ஒரு சமூகப் பின்புலம் உண்டு. சூத்திரர் ஒருவர் வேதப்பொருளைப் பாடுவது தகாது என்று எதிர்ப்பு எழுந்ததாகவும், அவருடைய ஏடுகள் இந்திராயணியில் இடப்பட்டதாகவும், அவர் கரையில் உண்ணாமல் கிடக்கப் பதின்மூன்றாம் நாள் அவை மீண்டு வந்ததாகவும் வார்கரி மரபு கூறுகிறது. நிகழ்ந்தது எவ்வாறாயினும், மரபு எதை நினைவில் வைத்தது என்பது தெளிவு. வெளியே வாதிட உரிமை மறுக்கப்பட்டவர் உள்ளே வாதிட்டார். அந்த உள்வாதத்தை ஊரறியப் பாடியதன் வழியாக மீண்டும் வெளியே கொணர்ந்தார். தாய்மொழியில் அமைந்த அபங்கத்துக்கு வாயிற்காவல் இல்லை. பண்டரிபுரத்துக்கு நடந்து செல்லும் வார்கரிகள் வழிநெடுக அதைப் பாடினர். கேட்டவர் எவரும் அதைத் தம் அகப்பேச்சாக எடுத்துக்கொள்ள முடிந்தது.

ராமதாசர்: மாணவனாகிய மனம்

ராமதாசரின் மனாசே சுலோகம் இதே நூற்றாண்டில், இதே மொழியில் எழுந்தது. புஜங்கப்பிரயாத யாப்பில் அமைந்த 205 செய்யுள்கள். நல்ல மனமே என்று விளித்து நெறி கூறுபவை. தீய ஆசையை விடு, பிறர் கடுஞ்சொல்லைப் பொறு, இராமனை நினை, மரணத்தை மறவாதே என்று அவை அடுக்கிச் செல்கின்றன. மனத்தை இன்சொல்லால் அழைத்து, நட்போடு கைபிடித்து நடத்தும் தொனி அவற்றில் உண்டு. மனம் அங்கே வாய் திறப்பதில்லை. சொல்பவர் ஆசிரியர், கேட்பது மாணவன், இருக்கைகள் மாறுவதில்லை.

இச்செய்யுள்களின் பரவல் அவற்றின் பொருளினும் வியப்புக்குரியது. பிச்சை ஏற்கச் செல்லும் சீடர்கள் வீட்டு வாசல்தோறும் ஓதுவதற்காக இயற்றப்பட்டவை இவை என்று ராமதாசி மரபு கூறும். மராட்டிய வீடுகளில் தலைமுறைகளாகக் குழந்தைகள் இவற்றை உரத்த குரலில் ஓதி மனப்பாடம் செய்துள்ளனர். மராட்டியர் ஆட்சிக் காலத்தில் தஞ்சையில் நிறுவப்பட்ட ராமதாசி மடங்கள் வழியாக இம்மரபு காவிரிக் கரையையும் எட்டியது. தன் மனத்திடம் தான் பேச வேண்டிய சொற்களை ஒரு குழந்தை வேறொருவரிடமிருந்து, உரத்த குரலில், கூட்டத்தோடு கற்கிறது. பிறகு ஒரு நாள் அச்சமோ சினமோ மேலிடும்போது அச்சொற்கள் ஒலியின்றி உள்ளே எழுகின்றன. வைகாட்ஸ்கி கண்ட வழியை மடமும் திண்ணையும் முன்பே நடைமுறையில் அறிந்திருந்தன.

இதை வெறும் கட்டுப்பாடு என்று தள்ளிவிடுவது நேர்மையாகாது. துயரத்தில் ஒருவருக்குச் சொந்தச் சொல் எப்போதும் கைகொடுப்பதில்லை. நாவில் பழகிய செய்யுள் அப்போது ஊன்றுகோலாகிறது. படைகளும் பஞ்சங்களும் அலைக்கழித்த காலத்தில் அத்தகைய ஊன்றுகோலை எண்ணற்றோர்க்கு ராமதாசர் அளித்தார். ஆயினும் ஊன்றுகோல் அளிப்பவரே செல்லும் திசையையும் வகுக்கிறார். எதிருரை இல்லாத அகப்பேச்சில், கற்பித்தவரின் குரலுக்கும் கற்றவரின் குரலுக்கும் இடையிலான எல்லை காலப்போக்கில் அழிந்துவிடுகிறது.

எரவாடா: கேட்பவராகிய தலைவர்

எரவாடாச் சிறைக்கும் இம்மரபுக்கும் நேரடித் தொடர்பு உண்டு. துக்காராம் உள்ளிட்ட அடியார்களின் பாடல்கள் அடங்கிய ஆசிரம பஜனாவளியைக் காந்தியடிகள் அதே சிறையில் 1930இல் மீராபென்னுக்காக ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தார். அம்மொழிபெயர்ப்புகள் ஜான் ஹாய்லண்டால் சீரமைக்கப்பட்டு 1934இல் நூலாக வந்தன. மனத்தை விளித்துப் பாடிய மரபு அவருக்கு நாள்தோறும் பழகிய ஒன்று. திங்கட்கிழமைகளில் மௌனம் காத்து, பேச வேண்டியதைத் தாளில் எழுதிக் காட்டுவதும் அவர் வழக்கம்.

1933 நிகழ்வில் உறவு தலைகீழாகிறது. அடியார்கள் பேசினர், மனம் கேட்டது. காந்தியடிகளிடம் குரல் பேசியது, அவர் கேட்டார். 1933 ஜூலை 8 ஹரிஜன் இதழில் அவர் அளித்த விளக்கம் இவ்வகையில் அரிய ஆவணம். உருவம் எதையும் தாம் காணவில்லை என்றும், குரல் தொலைவிலிருந்து வருவதுபோலவும் மிக அருகிலிருந்து வருவதுபோலவும் இருந்தது என்றும், மனிதர் ஒருவர் நேரில் பேசுவதுபோல் ஐயத்துக்கிடமின்றி ஒலித்தது என்றும் எழுதினார். அதற்கு முன் உள்ளே கடும்போராட்டம் இருந்தது, குரல் வந்ததும் அது ஓய்ந்தது, அமைதி பிறந்தது. துக்காராமுக்கு வாதமே அகவாழ்வின் இயல்பு. இங்கோ வாதத்தின் முடிவே உண்மையின் அடையாளமாகக் கொள்ளப்படுகிறது.

இது ஒரு தனிமனிதரின் ஆன்மிக அனுபவமாக மட்டும் இருந்திருந்தால் வரலாற்றாசிரியருக்கு அதில் வேலை குறைவு. ஆனால் நோன்பையொட்டிச் சட்டமறுப்பு இயக்கம் சில வாரங்களுக்கு நிறுத்தி வைக்கப்பட்டது. வியன்னாவில் இருந்த சுபாஷ் சந்திர போசும் வித்தல்பாய் பட்டேலும், காந்தியடிகள் அரசியல் தலைவராகத் தோற்றுவிட்டார் என்று கூட்டறிக்கை வெளியிட்டனர். எட்டு மாதங்களுக்கு முன், 1932 செப்டம்பரில், தாழ்த்தப்பட்டோர்க்கான தனித்தொகுதியை எதிர்த்து இதே சிறையில் அவர் மேற்கொண்ட நோன்பும் இறைவன் அழைப்பால் மேற்கொண்டதாகவே அறிவிக்கப்பட்டிருந்தது. அந்த நோன்பின் அழுத்தத்தில் உருவான புனே ஒப்பந்தத்தில் கையொப்பமிட்ட அம்பேத்கர், 1945இல் வெளியிட்ட நூலில் அந்நோன்பைக் கடுமையாகக் கண்டித்தார். கோடிக்கணக்கானோரின் அரசியல் உரிமை குறித்த வாதத்தில் ஒரு தரப்பு, மற்றவர் எவரும் கேட்க இயலாத குரலொன்றைச் சான்றாக வைக்கும்போது, எதிர்த்தரப்பு எதற்கு மறுமொழி கூறும்? அகப்பேச்சில் மறுமொழிக்கு இடமில்லாமற் போவது புறவாழ்விலும் மறுமொழியின் இடத்தைக் குறைத்துவிடக்கூடும் என்பதற்கு இது கூரிய எடுத்துக்காட்டு.

காந்தியடிகளும் இந்தச் சிக்கலை அறியாதவர் அல்லர். அதே ஜூலைக் கட்டுரையில், தாம் கேட்டது வெறும் மனமயக்கம் என்று ஒருவர் கூறினால் அதை மறுக்கத் தம்மிடம் சான்று இல்லை என்று வெளிப்படையாக ஒப்புக்கொண்டார். உட்குரல் இறைவனுடையதாகவும் இருக்கலாம், சாத்தானுடையதாகவும் இருக்கலாம். செயலே அதைக் காட்டும் என்று அவர் வேறோரிடத்தில் எழுதியதும் உண்டு. குரலுக்குத் தாம் பணிந்தார். பணியுமாறு பிறரை வாதத்தால் வற்புறுத்தவில்லை. நோன்பு என்னும் செயல் வற்புறுத்தியது. இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட இடைவெளியில்தான் அவரைப் பற்றிய விவாதம் இன்றும் நிற்கிறது.

கான்தேசத்துத் திருகை

மராட்டிய ஊர்ப்புறங்களில் விடியுமுன் எழுந்து திருகையில் தானியம் அரைத்த பெண்கள், அரைக்கும்போது ஓவி எனப்படும் பாடல்களைப் பாடினர். கூட மற்றொருத்தி இருந்தால் இருவராக, இல்லையெனில் தனியாக. திருகைக் கல்லையே தெய்வமாகவும் தோழியாகவும் விளித்தனர். பிறந்தவீட்டு ஏக்கம், மாமியார் வீட்டுத் துயரம், விட்டலனோடு உரிமைப்பேச்சு யாவும் அதில் இடம்பெற்றன. கீ பொய்த்வேன், ஹேமா ராயிர்க்கர் இருவரும் தம் குழுவினரோடு பல்லாண்டு உழைத்துத் திரட்டிய இப்பாடல்கள் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டவை. பகலில் வாய் திறக்க இயலாத மருமகள், கல்லின் ஓசை மூடிய இருளில் தனக்குத்தானே உரக்கப் பேசிய பேச்சின் ஆவணக் காப்பகம் என்று அத்தொகுப்பைக் கூறலாம்.

அந்தத் திருகையடியிலிருந்து எழுந்தவர் பகிணாபாய் சௌதரி. 1880இல் ஜல்காவை அடுத்த ஆசோதே என்னும் ஊரில் பிறந்தார். இளமையிலேயே கணவரை இழந்தார். எழுத்தறியாத அவர் வயல்வேலையினூடும் வீட்டுவேலையினூடும் பாடியவற்றுள் ஒரு பகுதியை மகன் சோபான்தேவும் உறவினரும் எழுதி வைத்தனர். 1951இல் அவர் மறைந்தார். மறுஆண்டு பாடல்கள் நூலாக வெளிவந்து மராட்டிய இலக்கிய உலகை வியப்பில் ஆழ்த்தின.

மனத்தைப் பற்றிய அவருடைய பாடல், ராமதாசரின் செய்யுள்களைப் போல மராட்டியர் பலரும் அறிந்தது. விளைந்து நிற்கும் பயிரில் புகுந்த கட்டுக்கடங்காத மாடு மனம். எத்தனை முறை விரட்டினாலும் பயிருக்கே திரும்பும். கசகசா விதையளவு சிறியது. வானத்திலும் அடங்காத அளவு பெரியது. இந்த உவமைகள் மடத்தில் கற்றவை அல்ல. அவரே காவல் காத்த வயலிலிருந்து வந்தவை. மாட்டை விரட்டுபவருக்கு அதன் பிடிவாதம் தெரியும். அதன் பசியும் தெரியும். மனம் சொற்கேளாது என்பதை அவர் குற்றச்சாட்டாக வைக்கவில்லை. உழவர் தம் மாட்டைப் பற்றிப் பேசும் சலிப்பும் உறவும் கலந்த தொனியில் கூறுகிறார். இறுதியில் அவர் பேச்சு மனத்தைக் கடந்து, படைத்தவனிடம் செல்கிறது. இப்படி ஒரு மனத்தை எவ்வாறு செய்தாய், விழித்திருந்தபோதே ஏதும் கனவு கண்டாயோ என்று கடவுளையே கேட்கிறார். மறுமொழி கூற வேண்டியவர் இப்போது கடவுள்.

மறுமொழியின் இடம்

துக்காராமிடம் வாதம், ராமதாசரிடம் பாடம், காந்தியடிகளிடம் ஆணை, பகிணாபாயிடம் கேள்வி. இவை ஒன்றன்பின் ஒன்றாக வளர்ந்த படிநிலைகள் அல்ல. ஒரே மொழிச்சமூகத்தில் அருகருகே இருந்தவை; ஒரே மனிதரிடம் வெவ்வேறு வேளைகளில் அமையக்கூடியவை. காலையில் மனாசே சுலோகம் ஓதியவர் மாலையில் துக்காராமின் அபங்கத்தைப் பாடியிருக்கலாம். ஆனால் எவ்வடிவம் எவர்க்கு எட்டியது, எது உரத்த குரலில் கற்பிக்கப்பட்டது, எது திருகையின் இரைச்சலில் மட்டும் பாடப்பட்டது என்பவை சமூக வரலாற்றுக்குரிய கேள்விகள். அவற்றை அறியாமல், ஒருவர் தம் உள்ளத்தில் கேட்பதை அவருடைய சொந்தக் குரல் என்றோ, கடவுளின் குரல் என்றோ, சமூகத்தின் குரல் என்றோ கூறிவிடுவது அவசர முடிவாகும்.

சொல் எவருடையதாயினும் அதை ஏற்காமல் எதிருரைக்கும் வாய்ப்பு கேட்பவருக்கு இருக்கும் வரை, அகப்பேச்சு உரையாடலாக நீடிக்கிறது. அவ்வாய்ப்பு மூடப்படும்போது, மிக இனிய உபதேசமும் மிகத் தூய கட்டளையும்கூட ஒருவழிப் பேச்சாகின்றன. நெஞ்சை எதிர்த்துப் பேச வைத்த தொல்காப்பிய இலக்கணம் இதைக் காதலர்க்கு மட்டும் வகுத்தது. அரசியலிலும் அறத்திலும் அதே விதியைக் கடைப்பிடிப்பது எவ்வளவு கடினம் என்பதற்கு எரவாடா சான்று; எழுத்தறியாத உழவர் குடிப்பெண்ணுக்கும் அது இயல்வதே என்பதற்கு ஆசோதே சான்று.